ரிப்போர்ட்டில் ‘பினைன்’ என்று வந்தால்

குப்பத்தில் வீட்டுக்கு ஒரு மொழி, கடைத்தெருவுக்கு ஒரு மொழி, ஆபீசுக்கு ஒரு மொழி. ஆந்திராவின் சித்தூர் மாவட்டத்தில் தென்மேற்கு மூலையில் இருக்கும் ஊர் இது. ஒரு பக்கம் தமிழ்நாட்டின் திருப்பத்தூர், கிருஷ்ணகிரி மாவட்டங்கள், இன்னொரு பக்கம் கர்நாடகத்தின் கோலார் மாவட்டம். தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றையும் ஒரே பேச்சில் கலந்து பேசுகிறவர்கள் இங்கே நிறைய. ஆனால் உடம்பில் ஒரு கட்டி வந்து, அதிலிருந்து துளி எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினால், திரும்பி வரும் தாள் இந்த மூன்றிலும் இருக்காது. ஆங்கிலத்தில்தான் இருக்கும்.

அந்தத் தாளின் அடியில், ‘இம்ப்ரெஷன்’ அல்லது ‘டயக்னோசிஸ்’ என்ற தலைப்புக்குக் கீழே, ‘பினைன்’ என்ற சொல் இருந்தால், வீட்டில் படித்த பிள்ளை யாராவது செல்போனில் தேடிப் பார்த்துச் சொல்லிவிடும்: “ஒண்ணும் இல்லையாம்.” பக்கத்து வீட்டுத் தெலுங்குக்கார அக்கா கேட்டால் “ஏமீ லேதண்ட.” கோலார் தங்கவயலிலிருந்து அத்தை போன் பண்ணினால் “ஏனூ இல்வந்தெ.” மூன்று மொழியிலும் ஒரே நிம்மதி. அந்த நிம்மதி நியாயமானதுதான். நாள்கணக்கில் தூக்கமில்லாமல் கிடந்த வீட்டுக்கு அதைவிட நல்ல செய்தி கிடையாது. ஆனாலும் மருத்துவர் அந்தச் சொல்லை எழுதும்போது சொல்ல வருவது ‘இது கேன்சர் கட்டி அல்ல’ என்பது மட்டுமே. அதற்குப் பிறகு என்ன செய்ய வேண்டும் என்பது ரிப்போர்ட்டின் மற்ற வரிகளிலும், மருத்துவரின் வாயிலும் இருக்கிறது. ‘ஒண்ணும் இல்லை’ என்று கேட்டதும் தாளை மடித்து பீரோவில் வைத்துவிடுகிறோம்; மற்ற வரிகளை யாரும் படிப்பதில்லை. அதனால் நேர்கிற கெடுதலைப் பார்த்திருப்பதால்தான் இந்தச் சொல்லைப் பற்றிக் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

பினைன் என்பது லத்தீன் வழியாக ஆங்கிலத்துக்கு வந்த சொல். அடிப்படையில் ‘நல்ல பிறப்புள்ள’ என்று பொருள். ஆங்கிலத்தில் முதலில் மனிதர்களைப் பற்றித்தான் இதைச் சொன்னார்கள்: கனிவானவர், சாந்தமானவர். அதிக வெயிலும் குளிரும் இல்லாத சீதோஷ்ணத்துக்கும் சொன்னார்கள். இன்றைக்கு கம்ப்யூட்டர் பாதுகாப்பு வேலையில் இருப்பவர்கள் வைரஸ் அல்லாத ஃபைலையும் பினைன் என்கிறார்கள். இதற்கு எதிர்ச்சொல் மாலிக்னன்ட், ‘கெட்ட பிறப்புள்ள’. நோய்களைத் தரம் பிரிக்க மருத்துவர்கள் எடுத்துக்கொண்டது இந்த இரட்டைச் சொற்களைத்தான். தமிழில் பாடப்புத்தகம் ‘தீங்கற்ற கட்டி’ என்கிறது. டாக்டர்கள் நம்மிடம் ‘சாதாக் கட்டி’ என்பார்கள். மூன்றாவதாக ‘கேன்சர் இல்லாத கட்டி’ என்று சொல்பவர்களும் உண்டு. எனக்குப் பிடித்தது இந்த மூன்றாவதுதான். ‘தீங்கற்ற’ என்று சொன்னால் தீங்கே வராது என்ற வாக்குறுதி மாதிரி கேட்கிறது. அப்படி ஒரு வாக்குறுதியை எந்த ரிப்போர்ட்டும் தருவதில்லை.

கட்டியை வைத்துப் பேசும்போது பினைனா, மாலிக்னன்டா என்பதை இரண்டு கேள்விகள் தீர்மானிக்கின்றன. பக்கத்துத் திசுவைத் துளைத்துக்கொண்டு உள்ளே நுழைகிறதா? ரத்தம், நிணநீர் வழியாகத் தூரத்து உறுப்புக்குப் போய் அங்கேயும் முளைக்கிறதா? இரண்டுக்கும் ‘இல்லை’ என்றால் பினைன். தன் வரப்புக்குள்ளேயே வளர்கிற பயிர் மாதிரி அது. வரப்பைத் தாண்டிப் போய் அடுத்தவன் நிலத்தில் வேர் விடாது, காற்றில் பறந்து நாலு ஊர் தள்ளிப்போய் முளைக்கவும் முளைக்காது. பெரும்பாலும் மெதுவாக வளரும். பலவற்றுக்குச் சுற்றிலும் ஒரு மெல்லிய உறை இருக்கும். அதனால் ஆபரேஷனில் முழுசாகக் கழற்றி எடுக்க முடியும். கேன்சர் கட்டிக்கு அந்த ஒழுங்கு கிடையாது. விளிம்பு எங்கே முடிகிறது என்று கண்ணால் சொல்ல முடியாதபடி பக்கத்துத் திசுவுக்குள் கால் பரப்பியிருக்கும்.

இதை யார், எப்படிப் பார்த்துச் சொல்கிறார்கள் என்பதை ஒரு தடவை தெரிந்துகொண்டால் ரிப்போர்ட்டைப் படிப்பது சுலபமாகிவிடும். உடம்பிலிருந்து எடுத்த துண்டை முதலில் ஃபார்மலின் ஊற்றிய டப்பாவில் போடுகிறார்கள், அழுகாமல் இருப்பதற்காக. லேபில் அதிலிருக்கும் நீரை எல்லாம் படிப்படியாக வெளியேற்றி, அந்த இடத்தில் உருகிய மெழுகை ஏற்றுகிறார்கள். ஆறியதும் துண்டு மெழுகுக் கட்டிக்குள் உறைந்து நிற்கும். சின்ன பிளாஸ்டிக் சட்டத்தில் ஒட்டிய, தீப்பெட்டியைவிடச் சிறிய வெள்ளைத் துண்டு. இதற்குப் பெயர் பிளாக். மைக்ரோடோம் என்ற கருவியில் இதை வைத்துச் சீவினால் 3 முதல் 5 மைக்ரான் கனத்தில் இழை இழையாக வரும். தலைமுடியின் கனத்தில் ஏறக்குறைய இருபதில் ஒரு பங்கு. அந்த இழையை வெதுவெதுப்பான தண்ணீரில் மிதக்கவிட்டு, சுருக்கம் நீங்கியதும் கண்ணாடித் தகட்டில் ஏந்தி எடுப்பார்கள். பிறகு இரண்டு சாயங்கள். ஹிமாடாக்சிலின் என்ற சாயம் செல்லின் கருவை நீலமும் ஊதாவுமாக்கும். இயோசின் மற்றதையெல்லாம் ரோஜா நிறமாக்கும். அதற்குப் பிறகுதான் பேத்தாலஜி மருத்துவர் மைக்ராஸ்கோப்பில் கண் வைக்கிறார்.

அவர் பார்ப்பது செல்களின் ஒழுங்கை. கருக்கள் ஒரே அளவில் இருக்கின்றனவா, ஒன்றுக்கொன்று தாறுமாறாக இருக்கின்றனவா? பிளவுபட்டுப் பெருகும் செல்கள் எத்தனை? பிறந்த இடத்துத் திசுவின் சாயல் இன்னும் இருக்கிறதா? விளிம்பில் எல்லை தெளிவாக இருக்கிறதா? கொழுப்புக் கட்டியின் செல்கள் சாதாரணக் கொழுப்புச் செல்களைப் போலவே இருக்கும். இதெல்லாம் சேர்ந்துதான் அந்தச் சொல். ஆகவே ‘பினைன்’ என்பது அந்தக் கண்ணாடித் தகட்டில் இருக்கும் செல்களின் நடத்தையைப் பற்றிய தீர்ப்பு. கட்டி எங்கே இருக்கிறது, எவ்வளவு பெரியது, எதை அழுத்துகிறது என்பது அந்தத் தகட்டில் தெரியாது.

நம் பேச்சில் ‘கட்டி’ என்ற சொல்லே எல்லாவற்றையும் சுமக்கிறது. சீழ்க்கட்டி, நீர்க்கட்டி, கொழுப்புக் கட்டி, கேன்சர் கட்டி எல்லாம் கட்டிதான். தெலுங்கின் ‘கட்ட’வும் கன்னடத்தின் ‘கட்டெ’யும் இதே கதை. அதனால் “எனக்கும் இப்படித்தான் இருந்தது, தானாகப் போயிடுச்சு” என்று யார் சொன்னாலும், அவர் சொல்லும் கட்டியும் உங்களுடையதும் ஒன்றாக இருக்கும் என்று நம்ப வேண்டியதில்லை. மஞ்சளும் சுண்ணாம்பும் குழைத்துப் போட்டு அமுங்கிப்போனது சீழ்க்கட்டியாக இருந்திருக்கும்.

அதிகம் பார்க்கிறவற்றில் முதலாவது லிப்போமா என்ற கொழுப்புக் கட்டி. தோள், முதுகு, கை என்று தோலுக்கு அடியில் வரும். அழுத்தினால் மெத்தென்று இருக்கும், விளிம்பில் விரல் வைத்துத் தள்ளினால் நழுவும். பெரும்பாலும் சும்மா விட்டுவிடலாம். 5 செ.மீ.-க்கு மேல் போனால், தசைக்கு அடியில் ஆழமாக இருந்தால், சீக்கிரம் சீக்கிரம் வளர்ந்தால், வலித்தால் மட்டும் ஸ்கேன் பார்க்கச் சொல்வார்கள். இளம்பெண்களுக்கு மார்பில் வருவது பெரும்பாலும் ஃபைப்ரோஅடினோமா. கோலிக்குண்டு போல உருண்டையாக, விரலுக்கு அகப்படாமல் நகரும். அதுவும் கேன்சர் இல்லை, எல்லோருக்கும் ஆபரேஷன் தேவைப்படுவதும் இல்லை. ஆனால் விரலால் தொட்டுப் பார்த்து மட்டும் யாரும் அதை உறுதியாகச் சொல்லிவிட முடியாது. இந்தியப் பெண்களிடம் அதிகம் காணப்படும் கேன்சர் மார்பகக் கேன்சர்தான். அதனால்தான் கைப்பரிசோதனை, ஸ்கேன், ஊசிப் பரிசோதனை மூன்றும் ஒரே பதிலைச் சொல்கின்றனவா என்று பார்க்கிறார்கள். மூன்றில் ஒன்று ஒத்துவராவிட்டால் ஊசி ‘பினைன்’ என்று சொல்லியிருந்தாலும் மறுபடி பார்ப்பார்கள். அப்படிக் கூப்பிட்டால் கோபப்படக் கூடாது. சரியான வைத்தியம் அது.

அதிகம் பாதிக்கிறது கர்ப்பப்பைக் கட்டி, அதாவது ஃபைப்ராய்டு. இதைப் பற்றிச் சொல்லும்போது எனக்கு மனது பொறுப்பதில்லை. ஃபைப்ராய்டு கிட்டத்தட்ட எப்போதும் பினைன்தான்; அதற்குள் கேன்சர் ஒளிந்திருப்பது 100-ல் ஒன்றுக்கும் மிகக் குறைவு. ஆனால் மாதாமாதம் அளவுக்கு மீறி ரத்தப்போக்கு வைத்து, ஹீமோகுளோபினை 7-க்கும் 6-க்கும் இறக்கிவிடும். மல்பெரித் தோட்டத்தில் இலை பறித்து, தக்காளிக் கூடை தூக்கி, வீட்டு வேலையும் பார்க்கிற பெண்ணுக்கு மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கும். “கட்டி சாதாக் கட்டின்னு சொல்லிட்டாங்க” என்று வருடக்கணக்கில் பொறுத்துக்கொள்வார். கட்டி சாதாதான். அது உண்டாக்கும் ரத்தசோகை சாதா இல்லை. இதற்கு மாத்திரை இருக்கிறது, ஊசி இருக்கிறது, கட்டியை மட்டும் எடுக்கிற ஆபரேஷனும் இருக்கிறது. கர்ப்பப்பையையே எடுத்தாக வேண்டும் என்பது எல்லோருக்கும் பொருந்தாது. கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும்.

இடம் தப்பினால் பினைன் கட்டி உயிரையும் வாங்கும். மூளையைப் போர்த்தியிருக்கும் உறையில் வரும் மெனிஞ்சியோமாக்களில் சுமார் 80 சதவீதம் முதல் தரம், அதாவது பினைன். ஆனால் மண்டை ஓடு விரிந்து கொடுக்காது. உள்ளே நெல்லிக்காய் அளவுக்கு ஒன்று வளர்ந்தால் அது மூளையைத்தான் அழுத்த வேண்டும். வலிப்பு வரும், ஒரு பக்கம் கை கால் சோர்ந்து போகும். பிட்யூட்டரி சுரப்பியில் வரும் அடினோமா, மேலே குறுக்காகப் போகும் கண் நரம்புகளை அழுத்தி, இரண்டு பக்க ஓரப் பார்வையையும் மறைக்கும். வண்டி ஓட்டும்போது பக்கவாட்டில் வருகிறவர் தெரியாமல் இடித்துக்கொண்டு, அதற்குப் பிறகே கண் டாக்டரிடம் போகிறவர்கள் உண்டு. அந்தச் சுரப்பியின் கட்டி ஹார்மோனையும் கூடுதலாகச் சுரந்து, கை கால் விரல்களையும் தாடையையும் பெருக்க வைக்கும். இதயத்தின் மேலறையில் வருகிற மிக்சோமாவும் பினைன்தான். அதிலிருந்து துணுக்கு ஒன்று பிய்ந்து ரத்தத்தோடு மூளைக்குப் போனால் பக்கவாதம். கண்டுபிடித்தவுடன் எடுத்துவிட வேண்டிய கட்டி அது.

இன்றைக்குக் கேன்சர் இல்லை, விட்டால் நாளைக்கு ஆகலாம் என்கிற வகையும் உண்டு. பெருங்குடலில் வரும் அடினோமா பாலிப் அப்படி. பெரும்பாலும் ஒன்றும் ஆகாது, சில மட்டும் 10 வருடம் போல எடுத்துக்கொண்டு மாறும். அதனால்தான் குடலுக்குள் குழாய் விட்டுப் பார்க்கும் கொலோனோஸ்கோப்பி செய்யும்போதே கண்ணில் பட்டதை எடுத்துவிடுகிறார்கள். நம் ஊர்ப்பக்கம் இதைவிட முக்கியம் வாய். புகையிலை, குட்கா, பாக்கு போடுகிறவர்களின் கன்னத்துக்குள் சுரண்டினாலும் போகாத வெள்ளைத் திட்டு வரும். அதிலிருந்து துண்டு எடுத்துப் பார்த்த பயாப்சி ரிப்போர்ட்டில் ‘மாலிக்னன்சி இல்லை’ என்று இருக்கும். அதற்கு மேலே ‘டிஸ்பிளேசியா’ என்ற சொல் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் செல்களின் ஒழுங்கு கலைய ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம். மைல்டா, மாடரேட்டா, சிவியரா என்றும் போட்டிருக்கும். புகையிலையை அன்றைக்கே விட வேண்டும், டாக்டர் சொன்ன தேதிக்குத் தவறாமல் போக வேண்டும். இந்திய ஆண்களிடம் அதிகம் காணப்படும் கேன்சர் வாய்க் கேன்சர். அதில் கணிசமானவை இப்படிக் கண்ணுக்குத் தெரிகிற ஒரு திட்டிலிருந்து தொடங்கியவை.

கட்டியே இல்லாத சில நோய்களின் பெயரிலும் பினைன் ஒட்டிக்கொண்டிருக்கிறது. படுக்கையில் புரண்டு படுத்தால், அண்ணாந்து பார்த்தால், வீடே சுழல்கிற மாதிரி ஒரு கிறுகிறுப்பு வந்து ஒரு நிமிஷத்துக்குள் அடங்கிவிடும். சுருக்கமாக பிபிபிவி என்பார்கள்; முதல் ‘பி’ பினைன். உள்காதில் சமநிலையைப் பார்த்துக்கொள்ளும் குழல்களுக்குள், இருக்க வேண்டிய இடத்தைவிட்டு நழுவிய சுண்ணாம்புப் பொடிகள் உருண்டுகொண்டிருப்பதுதான் காரணம். மூளையில் கோளாறு இல்லை என்பதைச் சொல்லவே இங்கே அந்தச் சொல். தலையை ஒரு வரிசைப்படி திருப்பித் திருப்பிப் படுக்கவைத்து அந்தப் பொடிகளை வெளியேற்றும் முறைக்கு, கண்டுபிடித்த மருத்துவரின் பெயரால் எப்லி முறை என்று பெயர். பலருக்கு ஒன்றிரண்டு தடவையிலேயே சரியாகிவிடும். மாதக்கணக்கில் மாத்திரை விழுங்க வேண்டியதில்லை. ஆனால் 70 வயதுப் பாட்டி இந்தக் கிறுகிறுப்பில் குளியலறையில் விழுந்தால் இடுப்பு எலும்பு உடையும். வயதான ஆண்களுக்கு வரும் ப்ராஸ்டேட் வீக்கமும், அதாவது பிபிஹெச், பெயரிலேயே பினைன். சிறுநீரை அடைத்து, அடைத்தது மேலே தேங்கி, கிட்னி வரைக்கும் கெடுத்துவிட்ட பிறகு ஆஸ்பத்திரிக்கு வருகிறவர்கள் இருக்கிறார்கள். ராத்திரி நாலைந்து தடவை எழுந்து போவதை ‘வயசானா அப்படித்தான்’ என்று வீட்டில் யாரும் தள்ளிவிட வேண்டாம்.

சில நோய்களுக்கு மருத்துவ உலகமே இந்தச் சொல்லைக் கொடுத்துவிட்டு, பிறகு திரும்ப எடுத்துக்கொண்டிருக்கிறது. இதில் ரத்த அழுத்தத்தின் கதையை எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும். இருபதாம் நூற்றாண்டின் முதல் பாதியில், திடீரென்று எகிறி வாரங்களிலேயே உறுப்புகளைக் கெடுக்கும் ரத்த அழுத்தத்தை மாலிக்னன்ட் என்றும், மெதுவாக வருடக்கணக்கில் உயர்ந்தபடி இருப்பதை பினைன் என்றும் பிரித்திருந்தார்கள். வயதானால் அழுத்தம் கூடத்தான் வேண்டும், அப்போதுதான் ரத்தம் உறுப்புகளுக்குப் போய்ச் சேரும் என்று நம்பிய மருத்துவர்கள் ஏராளம். அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ட்டின் ரத்த அழுத்தம் பல வருடங்களாக ஏறிக்கொண்டே இருந்தது. 1945 ஏப்ரல் 12 அன்று மூளையில் ரத்தக் கசிவு ஏற்பட்டு இறந்தார். மூன்று வருடம் கழித்து, 1948-ல், மாசசூசெட்ஸ் மாநிலத்தின் ஃப்ராமிங்ஹாம் என்ற ஊரில், ஊர்மக்களையே வருடக்கணக்கில் தொடர்ந்து கவனிக்கும் இதய ஆராய்ச்சி தொடங்கியது. அது போன்ற ஆராய்ச்சிகள் சொன்ன பிறகுதான், சத்தமில்லாமல் இருக்கிற அந்த அழுத்தம்தான் மாரடைப்பையும் பக்கவாதத்தையும் கொண்டுவருகிறது என்று உறைத்தது. இன்றைக்கு பினைன் பிபி என்று யாரும் எழுதுவதில்லை. ஆனாலும் ‘பிபி கொஞ்சம்தான் இருக்கு, எனக்கு ஒண்ணும் பண்ணல’ என்று மாத்திரையை நிறுத்துகிறவர்களிடம் அந்தப் பழைய நினைப்பு இன்னும் உயிரோடு இருக்கிறது.

மலேரியாவும் இதே வழியில் வந்தது. ஒருநாள் விட்டு ஒருநாள் காய்ச்சல் வரும் வைவாக்ஸ் மலேரியாவுக்குப் பழைய புத்தகங்கள் வைத்த பெயரிலேயே பினைன் இருந்தது. மூளையைத் தாக்கும் ஃபால்சிபாரம் மாலிக்னன்ட். ராஜஸ்தானின் பிகானீர் மருத்துவர்கள் 2005-ல், வைவாக்ஸ் மட்டுமே வந்தவர்களிடமும் உயிருக்கு ஆபத்தான நிலை ஏற்பட்டதை எழுதி வெளியிட்டார்கள். தவிரவும் வைவாக்ஸ் கல்லீரலுக்குள் பதுங்கிக்கொண்டு மாதங்கள் கழித்துத் திரும்ப எழும். மூன்று நாள் மாத்திரையோடு காய்ச்சல் நின்றாலும், 14 நாள் ப்ரைமாக்குவின் கொடுப்பது அந்தப் பதுங்கலை ஒழிக்கத்தான். தலைக்குள் நீரழுத்தம் கூடும் ஒரு நோய்க்கும் ஒருகாலத்தில் பினைன் என்ற அடைமொழி இருந்தது. கட்டி எதுவும் இல்லாமல் வருவதால் அப்படிச் சொன்னார்கள். கவனிக்காமல் விட்ட இளம்பெண்கள் பார்வையை இழந்த பிறகு அந்த அடைமொழியை மருத்துவர்கள் விட்டுவிட்டார்கள்.

எதிர்த்திசையிலும் நடந்திருக்கிறது. தைராய்டில் உறைக்குள்ளேயே அடங்கியிருக்கும் ஒருவகைக் கட்டியைக் கேன்சர் என்றுதான் எழுதி வந்தார்கள். பல நாட்டு நிபுணர்கள் சேர்ந்து, நோயாளிகளை வருடக்கணக்கில் கவனித்து, அது பரவுவதில்லை என்று கண்டு, 2016-ல் பெயரிலிருந்து கார்சினோமா என்ற சொல்லையே எடுத்துவிட்டார்கள். அந்த ஒரு மாற்றத்தால் தேவையில்லாத ஆபரேஷனும் கதிரியக்கச் சிகிச்சையும் பலருக்குத் தவிர்ந்தது. ஒரு சொல் இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ போவது மனிதருக்கு எவ்வளவு பெரிய விஷயம் என்பதற்கு இதைவிட வேறென்ன சொல்ல?

இனி ரிப்போர்ட்டின் மற்ற வரிகள். தைராய்டு ஊசிப் பரிசோதனை என்றால் பெதெஸ்டா என்று போட்டு ஒன்று முதல் ஆறு வரை எண் இருக்கும். 2 என்றால் பினைன், 6 என்றால் கேன்சர். ஒன்று என்பதைப் பார்த்துவிட்டு ‘ஒண்ணுதானே, ரொம்ப நல்லது’ என்று நினைத்துவிட வேண்டாம். அது, எடுத்த செல்கள் போதவில்லை, மறுபடி ஊசி போட வேண்டும் என்பதற்கான எண். மேமோகிராமிலும் மார்பக ஸ்கேனிலும் பைராட்ஸ் எண் வரும். அங்கேயும் 2 பினைன். 3 என்பது ‘அனேகமாக பினைன்’. கேன்சராக இருக்க வாய்ப்பு 2 சதவீதத்துக்கு மேல் இல்லை, ஆனாலும் ஆறு மாதத்தில் மறுபடி படம் எடுக்க வேண்டும். 4 வந்தால் பயாப்சி. இந்த 3-ஐ ‘ஒண்ணும் இல்லை’யில் சேர்த்துவிடுவதுதான் நம் வீடுகளில் அதிகம் நடக்கும் தப்பு. ‘அனுப்பிய துண்டில் மாலிக்னன்சி தென்படவில்லை’ என்ற வரிக்கும் ‘பினைன்’ என்பதற்கும் வித்தியாசம் உண்டு. முதலாவது, அந்தத் துண்டைப் பற்றி மட்டும் பேசுகிறது. ஊசி கட்டியின் ஒரு மூலையில் போயிருந்தால் மற்ற மூலையைப் பற்றி அது எதுவும் சொல்லாது.

டாக்டரின் அறையில் நேரம் குறைவு, வெளியே கூட்டம் நிற்கும். ஆனாலும் இந்த அளவுக்குப் பேசாமல் எழுந்து வரக் கூடாது:

“இது கேன்சர் கட்டி இல்லம்மா. பினைன்.”

“ரொம்ப சந்தோஷம் சார். அப்போ எடுக்க வேண்டியதில்லீங்களா?”

“இப்போதைக்கு வேணாம். ஆறு மாசம் கழிச்சு ஒரு ஸ்கேன் பார்த்துக்கலாம்.”

“அதுக்கு நடுவுல என்ன ஆனா சார் உடனே வரணும்?”

“பெருசாகிட்டே போனா, தோல் உள்ள இழுத்தா, காம்புல ரத்தம் வந்தா அன்னைக்கே வந்துடுங்க.”

அந்த அம்மா கேட்ட இரண்டாவது கேள்விதான் மிகவும் தேவையானது. பதில் கட்டிக்குக் கட்டி மாறும். பொதுவாகச் சொன்னால், திடீரென்று வளர்வது, கல் மாதிரி இறுகுவது, நகராமல் ஒட்டிக்கொள்வது, மேல்தோல் புண்ணாகி ஆறாமல் இருப்பது, காரணமில்லாமல் குரல் கம்முவது, எடை இறங்குவது. இவற்றில் எது வந்தாலும் பழைய ரிப்போர்ட்டை நம்பி வீட்டில் உட்கார வேண்டாம். கட்டியை ஆபரேஷனில் எடுத்துவிட்டார்கள் என்றால் இன்னொரு கேள்வி: “எடுத்ததை பயாப்சிக்கு அனுப்பினீங்களா?” கொழுப்புக் கட்டிதானே என்று குப்பையில் போட்டுவிட்டால் பிறகு யாராலும் அதைப் படிக்க முடியாது.

குப்பத்தில் பி.இ.எஸ். மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி இருப்பதால் பெரும்பாலான பரிசோதனைகளுக்கு இப்போது ஊரைவிட்டுப் போக வேண்டியதில்லை. அதற்கு மேல் தேவைப்பட்டால் திருப்பதியின் ஸ்விம்ஸ், பெங்களூரு கித்வாய் கேன்சர் ஆஸ்பத்திரி, ரயிலில் காட்பாடி இறங்கி வேலூர் சி.எம்.சி. என்று மூன்று திசையும் திறந்திருக்கிறது. அப்படிப் போகும்போது ரிப்போர்ட் தாளை மட்டும் எடுத்துக்கொண்டு கிளம்புகிறோம். அங்கே “ஸ்லைடு எங்கே, பிளாக் எங்கே?” என்று கேட்பார்கள், அதற்காகவே இன்னொரு தடவை ஊருக்கு வந்து போகும்படி ஆகும். கண்ணாடித் தகடும் மெழுகு பிளாக்கும் பரிசோதனை செய்த லேபில் பத்திரமாக இருக்கும். நோயாளியின் பெயரும் பயாப்சி நம்பரும் சொல்லி, வேறு ஆஸ்பத்திரியில் காட்ட வேண்டும் என்று எழுதிக் கொடுத்து வாங்கிக்கொள்ளலாம். வெயிலில் வைத்தால் மெழுகு இளகிவிடும். டிபன் பாக்ஸ் போன்ற டப்பாவில் பஞ்சு வைத்து எடுத்துப் போனால் போதும். அங்கே அந்த பிளாக்கிலிருந்தே புதிதாக இழை சீவி, வேறு சாயம் போட்டு, இன்னொரு மருத்துவர் பார்ப்பார். பெரும்பாலும் மறுபடி ஊசியோ கத்தியோ வைக்க வேண்டிய தேவை இருக்காது.